டான்ஸ்ஹால்: ஆட்டம் தெருவில் பிறக்கிறது, காசு யாருக்குப் போகிறது?

மலைச்சாரல்

2008 பெய்ஜிங் ஒலிம்பிக்கில் ஜெயித்த கையோடு உசைன் போல்ட் ஓடுபாதையிலேயே ஆடினார், நினைவிருக்கிறதா? அந்த ஆட்டத்துக்கு என்ன பெயர் என்று தேடப் போய், ஜமைக்காவின் டான்ஸ்ஹால் என்ற தெரு இசை, ஆட்ட உலகத்துக்குள் விழுந்துவிட்டேன். பாதி புரிகிறது, பாதி புரியவில்லை.

ஒரே தாளக்கட்டில் பத்து பேர் பத்து பாட்டு பாடுகிறார்கள், யாரும் சண்டைக்குப் போவதில்லை. அது எப்படி? தெரு ஆட்ட வீடியோக்களில் ஒரு பாட்டு அரை நிமிஷம் ஓடினாலே அதிகம். டக்கென்று நிறுத்தி மறுபடி முதலிலிருந்து போடுகிறார்கள். ஆடுகிறவர்களுக்கு எரிச்சலாக இருக்காதா? அப்புறம், வீட்டில் யாராவது எட்டிப் பார்த்தால் சட்டென்று மூடவேண்டிய வீடியோக்களும் நிறைய இருக்கின்றன. அதைப் பற்றியும்தான் கேட்கிறேன்.

பழைய ஸ்பீக்கர்

கடைசிக் கேள்விக்குப் பதில் சொல்ல இங்கே ஆள் வருவார்கள். நான் இசைக்கு மட்டும் வருகிறேன்.

ஜமைக்காவில் பாட்டுக்கு முன்னால் வந்தது பெட்டி. 1940களின் கடைசியில் கிங்ஸ்டன் நகரத்து ஏழைகளுக்கு இசைக்குழு வைத்து ஆடுவது கட்டுப்படியாகாது. ஆள் உயர ஸ்பீக்கர்களை அடுக்கி, அமெரிக்காவிலிருந்து வந்த ரிதம் அண்ட் புளூஸ் இசைத்தட்டுகளைப் போட்டு, வேலி கட்டிய வெட்டவெளியில் நுழைவுக் கட்டணம் வாங்கி ஆடவிட்டார்கள். அதுதான் சவுண்ட் சிஸ்டம். முதலில் பெரிய பெயர் வாங்கியவர் டாம் வாங் என்ற ஹார்டுவேர் கடைக்காரர். அவருடைய செட்டின் பெயர் 'டாம் தி கிரேட் செபாஸ்டியன்'. அடுத்து டியூக் ரீட், காக்ஸன் டாட். ரீட் போலீஸ் வேலையை விட்டுவிட்டு மதுக்கடை வைத்தவர். ஆட வருகிறவனுக்குத் தாகம் எடுக்கும் அல்லவா, கணக்கு சரியாக வந்தது.

போட்டி கடுமையாக இருந்தது. தன்னிடம் இருப்பது என்ன தட்டு என்று எதிர் செட்டுக்காரன் கண்டுபிடித்துவிடக் கூடாதென்று லேபிளைச் சுரண்டி எடுத்துவிடுவார்கள். காக்ஸன் தன் அடையாளப் பாட்டாக 'காக்ஸன் ஹாப்' என்று ஒன்றைப் போட்டுவந்தார். அது வில்லிஸ் ஜாக்சன் என்ற அமெரிக்க சாக்ஸபோன் கலைஞரின் தட்டு என்பது பிறகுதான் வெளியே தெரிந்தது.

அமெரிக்காவில் ரசனை ராக் அண்ட் ரோல் பக்கம் சாய்ந்ததும் இவர்களுக்கு ஏற்ற தட்டு வரவு குறைந்தது. சரி, நாமே பதிவு செய்வோம் என்று இறங்கினார்கள். காக்ஸனின் ஸ்டுடியோ ஒன் 1963இல் பிரெண்ட்ஃபோர்ட் சாலையில் திறந்தது. ஸ்கா, ராக்ஸ்டெடி, ரெகே என்ற இசை வகைகள் எல்லாமே இந்த ஆட்டக்களத்தின் தேவைக்காகச் செய்த சரக்குதான். ஒரு பாட்டைக் கடையில் விற்பதற்கு முன்பே ஒற்றைப் பிரதி வெட்டிச் செட்டில் போட்டுப் பார்ப்பார்கள். கூட்டம் ஆடினால் அச்சுக்குப் போகும், ஆடாவிட்டால் அலமாரிக்குப் போகும்.

பாட்டை நிறுத்தி மறுபடி போடுவது ஏன் என்ற கேள்விக்கும் பதில் இதில்தான் இருக்கிறது. கூட்டத்துக்குப் பிடித்துவிட்டால் கையைத் தூக்குவார்கள், வேலித் தகரத்தைத் தட்டுவார்கள், லைட்டரைக் கொளுத்துவார்கள். தட்டுப் போடுகிறவர், அவரை செலக்டர் என்பார்கள், பாட்டைப் பின்னுக்கு இழுத்து முதலிலிருந்து விடுவார். அது பாட்டுக்குக் கிடைக்கும் கைதட்டல். ஒரு தடவைகூட இழுக்கப்படாமல் முழுசாக ஓடி முடிகிற பாட்டு தோற்ற பாட்டு.

மலைச்சாரல்

இது தலைகீழாக இருக்கிறதே! பாட்டு நன்றாக இருந்தால் கடைசிவரை கேட்போம் என்றுதான் நான் நினைத்திருந்தேன். ஒரே தாளக்கட்டு விஷயம்?

பழைய ஸ்பீக்கர்

அதை அங்கே ரிடிம் என்பார்கள். பேஸும் டிரம்மும் சேர்ந்த அடித்தளம். 45 ஆர்.பி.எம். தட்டின் ஒரு பக்கம் பாட்டு, மறுபக்கம் குரல் நீக்கிய வெறும் இசை. அந்த வெறும் இசை ஓடும்போது மைக்கைப் பிடித்து ஒருவர் பேச்சும் பாட்டுமாக அடித்து விடுவார். அவரைத்தான் ஜமைக்காவில் டீஜே என்பார்கள், தட்டுப் போடுகிறவரை அல்ல. கிங் டப்பியின் செட்டில் இதைச் செய்துவந்த யு-ராய் 1970இல் அதையே தட்டாகவும் போட்டு வானொலிப் பட்டியலின் உச்சிக்குப் போனார். அதிலிருந்து ஒரு ரிடிமில் எத்தனை பேர் வேண்டுமானாலும் பாடலாம் என்பது ஊர் வழக்கம். யார் அதன் மேல் நன்றாகச் சவாரி செய்தார்கள் என்பதுதான் பேச்சாக இருக்கும்.

1985 இதில் ஒரு பெரிய திருப்பம். வெய்ன் ஸ்மித்தும் நோயல் டேவியும் ஒரு சின்ன காசியோ எம்டி-40 கீபோர்டில் இருந்த தயார் தாளத்தைக் கண்டுபிடித்து, தயாரிப்பாளர் கிங் ஜாமியிடம் கொண்டுபோகிறார்கள். அவர் வேகத்தைக் குறைக்கச் சொல்கிறார். 'ஸ்லெங் டெங்' பிறக்கிறது. பிப்ரவரி மாதம் வால்தம் பார்க் சாலையில் பிளாக் ஸ்கார்பியோ செட்டோடு நடந்த மோதலில் ஜாமி அதை அவிழ்த்துவிட்டார். அன்றைக்கு இரவு எதிர் செட்டிடம் அதற்குப் பதில் இல்லை. அதன் பிறகு இசைக்குழுவை வாடகைக்குப் பிடிக்க வேண்டிய கட்டாயமே போயிற்று. ஒரு கீபோர்டும் ஒரு டிரம் மெஷினும் இருந்தால் யாரும் ரிடிம் செய்யலாம்.

அந்தத் தாளத்தை காசியோவுக்குள் வைத்தவர் ஒகுடா ஹிரோகோ என்ற இளம் ஜப்பானியப் பெண். கல்லூரியில் ரெகே பற்றியே ஆய்வேடு எழுதிவிட்டு வேலைக்குச் சேர்ந்தவர். கிங்ஸ்டன் பித்து டோக்கியோ வழியாகச் சுற்றிக் கிங்ஸ்டனுக்கே திரும்பியிருக்கிறது.

டப்பா ரேடியோ

2002 வாக்கில் வந்த ஒரு ரிடிமின் பெயரே 'தீவாளி', தெரியுமா? ஸ்டீவன் 'லெங்கி' மார்ஸ்டன் செய்தது. கைதட்டல் மட்டுமே முதுகெலும்பு. ஷான் பாலின் 'கெட் பிஸி' அதில்தான், 2003இல் அமெரிக்கப் பட்டியலில் முதலிடம். வெய்ன் வொண்டரின் 'நோ லெட்டிங் கோ'வும் லுமிடியின் பாட்டும் அதே கைதட்டல்தான். மூன்றையும் வரிசையாகப் போட்டுக் கேளுங்கள், ரிடிம் என்றால் என்னவென்று யாரும் விளக்க வேண்டாம்.

நம்மில் பலர் ஜமைக்கா டீஜே பாணியை முதலில் கேட்டது எங்கே என்று பார்த்தால், 1996 'லவ் பேர்ட்ஸ்' படத்து 'நோ ப்ராப்ளம்' பாட்டாக இருக்கும். ரஹ்மான் இசையில் அப்பாச்சி இந்தியன். அவர் பர்மிங்ஹாமில் பிறந்த பஞ்சாபி. ஜமைக்கர்கள் குடியிருந்த தெருக்களில் வளர்ந்து அந்தப் பேச்சைப் பிடித்தவர்.

கண்ணாடிக்காரன்

எல்லாம் சரி. ஆனால் இந்த மாதிரி இழைகளில் எப்போதும் கீபோர்டு கதை, ஸ்பீக்கர் கதை சொல்லிக் கசப்பானதைத் தாண்டிப் போய்விடுவார்கள். துப்பாக்கியைப் புகழ்கிற பாட்டு எத்தனை? ஒருபால் விருப்பம் உள்ளவர்களைச் சுடு, கொளுத்து என்கிற பாட்டு எத்தனை? 2009 பிப்ரவரியில் ஜமைக்காவின் ஒளிபரப்பு ஆணையமே 'டேகரிங்' என்ற, உடலுறவைப் பாவனை செய்யும் ஆட்டத்துக்கான பாட்டுகளை வானொலியிலும் தொலைக்காட்சியிலும் தடை செய்தது. 2022இல் மோசடியையும் வன்முறையையும் கொண்டாடும் பாட்டுகளுக்கு இன்னொரு தடை. உள்ளூர்க்காரர்களே அருவருக்கிற ஒன்றை நாம் ஏன் 'சமூக அர்த்தம்' என்று தலையில் தூக்கிவைத்து ஆட வேண்டும்?

நெய்தல்

உள்ளூர்க்காரர்களில் யார் அருவருக்கிறார்கள் என்று கேட்டால் விஷயம் பிடிபடும்.

கிங்ஸ்டனில் மேட்டு நகரம், கீழ் நகரம் என்ற பிளவு வெறும் புவியியல் இல்லை. தோல் நிறம், வருமானம், பேசும் மொழி எல்லாம் அதில் அடங்கும். மேட்டு நகரத்தாருக்கு 1990இல் பைரன் லீ ஆரம்பித்த கார்னிவல் உண்டு. அங்கேயும் அரைகுறை உடைதான், அதே இடுப்பசைவுதான், ஆனால் அது சுற்றுலா. டேகரிங் தடை வந்தபோது முதலில் எழுந்த கேள்வியே இதுதான்: கார்னிவலில் ஓடும் சோக்கா இசையை ஏன் விட்டுவைத்தீர்கள்?

1997ஆம் ஆண்டின் இரைச்சல் தடுப்புச் சட்டத்தையும் பாருங்கள். வார நாள்களில் நள்ளிரவு, வார இறுதியில் அதிகாலை 2 மணி, அதற்கு மேல் ஸ்பீக்கர் ஓடக் கூடாது. தெரு ஆட்டம் சூடு பிடிப்பதே அந்த நேரத்தில்தான். வேலை முடித்து, சமைத்து, பிள்ளைகளைத் தூங்கவைத்து, உடுத்திக்கொண்டு வர மணி 1 ஆகிவிடும். ஒரு ஆட்டத்தைப் போலீஸ் நிறுத்தினால் செட்டுக்காரருக்கு மட்டும் நஷ்டமில்லை. தகர டிரம்மில் கோழி சுடுகிறவர், தள்ளுவண்டியில் சிகரெட்டும் மிட்டாயும் விற்கிற பெண், முடி பின்னுகிறவர், தையல்காரர், கேமராக்காரர் எல்லோருக்கும் அன்றைய வரும்படி போயிற்று. பக்கத்து வீட்டில் தூங்க வேண்டியவர் கதை வேறு, அதையும் மறுக்கவில்லை. சட்டம் வேண்டும் என்று மனுப் போட்டவர்களில் அவர்களும் இருப்பார்கள்.

கண்ணாடிக்காரன்

வர்க்கம் என்று சொல்லிவிட்டால் எல்லாம் கழுவப்பட்டுவிடுமா? கீழ் நகரத்து ஒருபால் விருப்பக்காரன் யாரிடம் போய்ச் சொல்வான்?

நெய்தல்

கழுவப்படாது. டீஜே பூஜு பாண்டனின் அந்த மாதிரி 1992 பாட்டு ஒன்றுக்காக உலகம் முழுக்க எதிர்ப்பு நடந்தது நியாயம்தான். 2019இல் அவரே அதைத் தன் பாட்டுப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார். ஆனால் வெறுப்பு ஆட்டக்களத்தில் முளைத்ததில்லை. ஆண்களுக்கிடையேயான உறவைக் குற்றமாக்கும் சட்டத்தை 1864இல் எழுதியது பிரிட்டிஷ் ஆட்சி. ஞாயிறுதோறும் தேவாலயத்தில் கேட்டதைத்தான் சனி இரவு டீஜேயும் சொன்னார், இன்னும் கொச்சையாக.

ஸ்கார்பரோ வாணி

இரண்டு பேரும் பாட்டு வரியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறீர்கள். ஆடுகிறவர்களைப் பற்றி யாரும் கதைக்கவில்லையே. நான் டொராண்டோவில் ஒரு ஜமைக்கா ஆசிரியரிடம் பழகினவள், அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன்.

முதலில் உடம்பு. முழங்கால் எப்போதும் மடங்கியே இருக்க வேண்டும், பாரம் கீழே, மார்பும் இடுப்பும் தனித்தனியாக நகர வேண்டும். பாலே பழகிய பிள்ளைகள் மேலே எழும்பப் பார்ப்பார்கள், எங்கள் ஆசிரியர் தலையில் கை வைத்துக் கீழே அமத்துவார். பரதம் பழகிய எனக்கு அரைமண்டி கைகொடுத்தது, ஆனால் இடுப்பை இறுக்கிப் பிடிக்கிற பழக்கத்தை விட நெடுநாள் பிடித்தது. இந்த மடிந்த முழங்காலும் தரையை நோக்கிய பாரமும் கூமினாவிலும் இருக்கிறது. அடிமை முறை ஒழிந்த பிறகு ஒப்பந்தக் கூலிகளாக வந்த மத்திய ஆப்பிரிக்கர்கள் செயின்ட் தாமஸ் பகுதியில் வளர்த்த சடங்காட்டம் அது. இன்றைய பெடியன்கள் யூடியூப்புக்காக ஆடினாலும் கால் அங்கேதான் நிற்கிறது.

அடுத்தது, ஒவ்வொரு அசைவுக்கும் ஒரு பெயர் உண்டு, பெயருக்குப் பின்னால் ஒரு ஆள் உண்டு. இதைத்தான் வெளியில் யாரும் கேட்பதில்லை. போகிள் என்று ஒருவர் இருந்தார், ஜெரால்ட் லெவி. பிளாக் ரோசஸ் குழுவைச் சேர்ந்தவர். 1990களின் தொடக்கத்தில் கைகளை அலையாக விட்டு உடம்பைப் பின்னால் வளைக்கும் அவர் ஆட்டம் அவர் பெயரிலேயே தீவு முழுக்கப் பரவியது. பிறகு வில்லி பவுன்ஸ், லாக் ஆன், வேக்கி டிப் என்று வரிசையாக வந்தன. பாடகர்கள் அவர் ஆட்டத்தைப் பார்த்துப் பாட்டு எழுதினார்கள். பாட்டு முதலில், ஆட்டம் பிறகு என்ற ஒழுங்கு இங்கே இல்லை. தெருவில் ஒருவர் ஒரு அசைவைக் கொண்டுவருவார், நாலு இரவு ஓடும், பிறகு டீஜே வந்து அதற்கு வரி கட்டுவார். 2005 ஜனவரியில் கிங்ஸ்டனில் ஒரு பெட்ரோல் நிலையத்தில் போகிளைச் சுட்டுக் கொன்றுவிட்டார்கள்.

மலைச்சாரல் கேட்ட போல்ட் ஆட்டம்: பெய்ஜிங்கில் அவர் ஆடியது நூ லிங்கா, கல்லி க்ரீப்பர். கல்லி க்ரீப்பரைச் செய்தவர் ஐஸ் என்ற நடனக்காரர். எலிஃபண்ட் மேன் என்ற டீஜே அதைப் பாட்டாக்கினார், போல்ட் அதை உலகம் பார்க்க ஆடினார். ஐஸ் அந்த ஆண்டே சுட்டுக் கொல்லப்பட்டார். பாட்டுக்கு ராயல்டி உண்டு, ஓட்டத்துக்குப் பதக்கமும் விளம்பரமும் உண்டு. அசைவுக்கு?

டப்பா ரேடியோ

அசைவுக்கு வீடியோவுக்குக் கீழே ஒரு நெருப்பு எமோஜி.

சட்டப்புள்ளி

வாணியின் கேள்விக்குச் சட்டத்தில் நேரான பதில் கொஞ்சம் கொடூரமானது. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் முழு நடன அமைப்பைக் காக்கும், தனித்த ஒரு அசைவையோ சின்ன அடவையோ காக்காது. ஃபோர்ட்நைட் விளையாட்டில் தங்கள் ஆட்டத்தைத் திருடினார்கள் என்று சிலர் வழக்குப் போட்டபோது பெரும்பாலும் இந்தச் சுவரில்தான் முட்டினார்கள். டான்ஸ்ஹாலின் சொத்தே அந்தச் சின்ன அசைவுதான், எட்டு எண்ணிக்கைக்குள் முடிகிற ஒன்று.

ரிடிம் பக்கம் இப்போது ஒரு பெரிய வழக்கு நடக்கிறது. ஜமைக்கத் தயாரிப்பாளர்கள் ஸ்டீலியும் கிளீவியும் 1989இல் செய்த 'ஃபிஷ் மார்க்கெட்' ரிடிமிலிருந்து கிளைத்த தாளம் ஷாபா ராங்க்ஸின் 'டெம் போ' வழியாகப் பனாமாவுக்கும் புவேர்ட்டோ ரிக்கோவுக்கும் போய் ரெகேட்டோன் என்ற லத்தீன் இசையின் இதயத்துடிப்பே ஆகிவிட்டது. 2021இல் அவர்கள் தரப்பு அமெரிக்க நீதிமன்றத்தில் வழக்குப் போட்டது. விரிந்து விரிந்து 1,600க்கும் மேற்பட்ட பாட்டுகள் அதற்குள் வந்துவிட்டன. 2024இல் நீதிபதி வழக்கைத் தள்ளுபடி செய்ய மறுத்தார்.

எனக்கு இதில் ஒரு நெருடல். ஊருக்குள் எல்லோரும் எல்லோருடைய ரிடிமையும் எடுத்துப் பாடிய சுதந்திரத்தில்தான் இந்த இசையே வளர்ந்தது. அதே ரிடிம் வெளியூருக்குப் போய்க் கோடிகளில் சம்பாதித்ததும் வேலி கட்டச் சொல்கிறார்கள். கேட்பது நியாயம்தான். ஆனால் ஜெயித்தால் நாளைக்கு ஒரு தாளத்தைத் தொடவே வக்கீலைக் கூப்பிட வேண்டியிருக்குமோ?

பழைய ஸ்பீக்கர்

ஊருக்குள் சுதந்திரம் இருந்தது என்பதை முழுசாக ஏற்க மாட்டேன். அங்கேயும் தயாரிப்பாளர்தான் வைத்துக்கொண்டார். வாசித்த கலைஞர்கள் நாள் கூலி வாங்கிக்கொண்டு போனார்கள். யாரும் வழக்குப் போடாததற்குக் காரணம் பெருந்தன்மை இல்லை, வசதியின்மை.

கண்ணாடிக்காரன்

வாணி, உங்களிடம் ஒரு நேர்க்கேள்வி. பெண்ணாக அந்த ஆட்டத்தில் உங்களுக்கு உறுத்தல் இல்லையா?

ஸ்கார்பரோ வாணி

உறுத்தல் உண்டு, நீங்கள் நினைக்கிற இடத்தில் இல்லை.

1992இல் கார்லீன் ஸ்மித் முதல் டான்ஸ்ஹால் குயீன் என்று பெயர் எடுத்தார். மேட்டு நகரத்து மாடல்களோடு நடந்த மோதலில் தன் உடையாலும் ஆட்டத்தாலும் ஜெயித்தவர். அதற்கு முன் அழகிப் போட்டி என்றால் ஒல்லி உடம்பும் வெளிர் நிறமும்தான். தையல் மெஷினில் தானே தைத்த மினுக்கு உடை, பச்சை விக், பருத்த தொடை, நடுக்களம்: இதெல்லாம் ஒரு உரிமைக் கோரல். வெஸ்ட் இண்டீஸ் பல்கலைக்கழகத்தில் இலக்கியப் பேராசிரியராக இருந்த கேரலின் கூப்பர் இதைத்தான் நெடுங்காலமாக வாதிட்டுவருகிறார். தேவாலயமும் நடுத்தர வர்க்கமும் வெட்கப்படச் சொன்ன உடம்பை அந்தப் பெண்கள் வெட்கமில்லாமல் கொண்டாடுகிறார்கள் என்பது அவர் பக்கம். 2002இல் ஜுன்கோ குடோ என்ற ஜப்பானியப் பெண் ஜமைக்காவின் மோன்டேகோ பே நகரத்துக்கு வந்து அந்தப் பட்டத்தையே ஜெயித்துக்கொண்டு போனார்.

எனக்கு உறுத்துவது கேமரா. முன்பு ஆட்டம் கூட்டத்துக்காக இருந்தது. வீடியோ விளக்கு வந்த பிறகு எல்லோரும் அந்த வெளிச்சத்தை நோக்கித் திரும்பினார்கள். விளக்கில் பளிச்சென்று தெரிய வேண்டும் என்று முகத்துக்கு வெளுப்பு கிரீம் தடவுகிறவர்கள் இருக்கிறார்கள், ஆண்களும்தான். 2018இல் பாடகி ஸ்பைஸ் இந்த நிற வெறியைப் பற்றி ஒரு பாட்டே போட்டார். கறுப்பு உடம்பைக் கொண்டாடிய களத்திலேயே இது நடக்கிறது என்பதுதான் எனக்கு வயிற்றெரிச்சல். 2006இல் டட்டி வைன் என்ற ஆட்டம் வந்தபோது கழுத்தை அப்படிச் சுழற்றாதீர்கள் என்று டாக்டர்கள் எச்சரிக்க வேண்டி வந்தது. நானும் அதைப் பழக மறுத்துவிட்டேன்.

ஆண்கள் விஷயம் இன்னும் வேடிக்கை. 2000க்குப் பிறகு ஆண்கள் குழுக்கள்தான் தெருவை ஆண்டன. இறுக்கமான கால்சட்டை, சீர் செய்த புருவம், ஒரே நிறச் சட்டையில் வரிசையாக ஆட்டம். பின்னால் ஓடுகிற பாட்டோ ஒருபால் விருப்பக்காரர்களைத் திட்டுகிறது. 'லாக் ஆன்' பாட்டே அப்படித்தான். போகிள் உருவாக்கிய அந்தத் துள்ளலான அசைவை ரசிக்கிறவர்கள் வரியைக் கேட்டால் முகம் சுளிப்பார்கள். அங்கே கண்ணாடிக்காரன் சொல்வதோடு எனக்குச் சண்டை இல்லை.

நெய்தல்

பாஸா பாஸா என்ற தெரு ஆட்ட இரவுகளைப் பற்றிச் சொல்லாமல் இந்த இழை முடியக் கூடாது.

1980 தேர்தல் ஆண்டில் ஜமைக்காவில் ஏறத்தாழ 800 பேர் கொல்லப்பட்டார்கள். அரசியல் கட்சிகள் பேட்டை பேட்டையாக ஆளும் ஆயுதமும் வைத்திருந்த காலம். எதிர்க்கட்சிப் பேட்டை வழியாக நடந்து போவதே ஆபத்து. அப்படிப்பட்ட மேற்கு கிங்ஸ்டனில், டிவோலி கார்டன்ஸை ஒட்டி, 2003இல் புதன்கிழமை இரவுகளில் ஸ்வாட்ச் இன்டர்நேஷனல் செட் தெருவோரம் பாட்டுப் போட ஆரம்பித்தது. கட்டணம் இல்லை, வேலி இல்லை. எதிர்ப் பேட்டை ஆட்கள் வந்தார்கள், மேட்டு நகரத்துப் பிள்ளைகள் அப்பா காரில் வந்தார்கள், ஜப்பான், ஐரோப்பாவிலிருந்து வந்தார்கள். வியாழன் காலை பள்ளிக்கூடப் பிள்ளைகள் சீருடையில் கடந்துபோகும்போதும் ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்.

ஆனால் அந்த அமைதியைக் காத்தது போலீஸ் இல்லை. பேட்டையை ஆண்ட கிறிஸ்டோபர் 'டூடஸ்' கோக் மீதிருந்த பயம். 2010 மே மாதம் அவரை அமெரிக்காவுக்கு ஒப்படைக்கப் பிடிப்பதற்காக ராணுவமும் போலீசும் டிவோலிக்குள் நுழைந்ததில் சுமார் 70 பேர் செத்தார்கள். பாஸா பாஸாவும் அதோடு நின்றது. அந்த ஆட்டத்தை நல்லிணக்கம் என்று மட்டும் எழுதுகிறவர்கள் யார் தயவில் நடந்தது என்பதை எழுதுவதில்லை. தாதாவின் நிழல் என்று மட்டும் எழுதுகிறவர்கள் அந்தப் புதன்கிழமைகளில் அங்கே கோழி விற்றுப் பிள்ளை படிக்கவைத்தவளை எழுதுவதில்லை.

கண்ணாடிக்காரன்

இந்தக் கடைசிப் பதிவு எனக்குப் பிடித்தது. பாட்டு வரிகள் பற்றி என் கருத்து மாறவில்லை.

மலைச்சாரல்

நிறைய கிடைத்தது, நன்றி. வாணி, ஒரே ஒரு கேள்வி. எங்கள் ஊரில் ஒரு ஸ்டுடியோ 'டான்ஸ்ஹால் வகுப்பு' என்று போஸ்டர் ஒட்டியிருக்கிறது. நடத்துகிறவர் ஜமைக்கா பக்கமே போனதில்லை. சேரலாமா?

ஸ்கார்பரோ வாணி

ஜமைக்கா போகாதது குற்றமில்லை. முதல் வகுப்பில் ஒரு அசைவு சொல்லித்தந்ததும், இதன் பெயர் என்ன, யார் செய்தது என்று கேளுங்கள். கிங்ஸ்டனில் நல்ல ஆசிரியர்கள் சொல்லாமல் நகர மாட்டார்கள். இப்போது ரஷ்யா, போலந்து, ஜப்பான் என்று பிள்ளைகள் அங்கே போய், அந்த அசைவைச் செய்தவரிடமே காசு கொடுத்துப் பழகுகிறார்கள். பாட்டால் வராத காசு சில நடனக்காரர்களுக்கு இந்த வழியாகத்தான் வருகிறது. டிங் டாங் மாதிரி நடனக்காரராகத் தொடங்கித் தானே பாடகராகி இரண்டு பக்கமும் சம்பாதிப்பவர்கள் குறைவு. உங்கள் மாஸ்டருக்குப் பெயர்கள் தெரிந்தால் சேருங்கள். அவர் 'இதெல்லாம் ஃப்ரீஸ்டைல்' என்று சொன்னால் கட்டணத்தை மிச்சப்படுத்தி, கிங்ஸ்டன்காரர் யாராவது நடத்துகிற ஆன்லைன் வகுப்பில் போடுங்கள்.

டப்பா ரேடியோ

போஸ்டரில் முழங்கால் மடங்கியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.